அம்மாவின் ஒபியைக் கேட்டவள்

அம்மாவின் காரியம் முடிந்துவிட்டது. பிள்ளைகள் எல்லாம் கறுப்பு உடையில் ஒரு அறையில் சாப்பிட உட்கார்ந்திருக்கிறார்கள். அப்பா எழுந்து வெளியே போகிறார். அவர் தலை மறைந்ததும் மூத்த மகள் ஷிகே, சாப்பாட்டை நிறுத்தாமலே, சொல்கிறாள்: இப்படிச் சொல்லக் கூடாதுதான், ஆனால் அப்பா முதலில் போயிருந்தால் நன்றாக இருந்திருக்கும், அம்மா என்றால் டோக்கியோவில் எங்காவது வைத்துச் சமாளித்திருக்கலாம். அதே மூச்சில் தங்கை பக்கம் திரும்புகிறாள். அம்மாவிடம் சாம்பல் நிறத்தில் ஒரு கோடைக்கால ஒபி இருந்ததே, புல்லும் பனித்துளியும் போட்டது, அது எனக்கு நினைவாக வேண்டும். அண்ணன் சரி என்கிறான். உடனே அடுத்தது. பொடிப் புள்ளி போட்ட அந்தச் சணல் கிமோனோ இன்னும் இருக்கிறதா? அதுவும் எனக்கு வேண்டும்.

ஒபி என்பது கிமோனோவுக்கு மேல் இடுப்பில் சுற்றிக் கட்டும் அகலமான பட்டை. யசுஜிரோ ஓசு இயக்கிய ஜப்பானியப் படமான 'டோக்கியோ ஸ்டோரி'யை முதல் தடவை பார்த்தபோது இந்த இடத்தில் படத்தை நிறுத்திவிட்டு எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தேன். ஷிகேயைக் கண்டாலே எனக்கு ஆகவில்லை. சற்று முன்புதான் இந்தப் பெண் அம்மாவின் தலைமாட்டில் உட்கார்ந்து வாய்விட்டுக் கதறினாள். அந்த அழுகையும் பொய்யா என்று கோபம் வந்தது.

அப்புறம் சில வருடங்கள் கழித்து என் பெரியம்மா இறந்தார். என்னைத் தூக்கி வளர்த்தவர். காரியம் முடிந்த மறுநாள் காலை சமையலறையில் நின்றுகொண்டு, அவருடைய பித்தளைக் காபி ஃபில்டரை நான் எடுத்துக்கொள்ளட்டுமா என்று அண்ணியிடம் கேட்டேன். கேட்டபோது அதில் தப்பு எதுவும் தெரியவில்லை. அந்த ஃபில்டரைப் பார்க்கும்போது பெரியம்மாவின் கை தெரிந்தது, அது வேறு யார் வீட்டுக்கும் போய்விடக் கூடாது என்றிருந்தது, அவ்வளவுதான். பஸ்ஸில் திரும்பி வரும்போதுதான் ஷிகே ஞாபகத்துக்கு வந்தாள். அன்று இரவே படத்தை மறுபடியும் போட்டேன். இந்தத் தடவை அவள் அழுததும் நிஜம், ஒபியைக் கேட்டதும் நிஜம் என்று பட்டது. இரண்டையும் ஒரே ஆளுக்குள் வைத்து, ஒன்று மற்றொன்றைப் பொய்யாக்கிவிடாமல் நடித்த அந்த நடிகை யார் என்று தேட ஆரம்பித்தது அப்போதுதான்.

ஹருகோ சுகிமுரா. தமிழில் துணை நடிகை என்றால் பாடல் காட்சியில் பின்னால் நிற்பவர் வரைக்கும் அதற்குள் வந்துவிடுகிறார். குணச்சித்திர நடிகை என்ற சொல்தான் இவருக்குச் சரியாக வரும். ஜப்பானிய சினிமாவின் பெரிய பத்து இருபது படங்களை எடுத்துக்கொண்டால், அவற்றில் அத்தை, அக்கா, பக்கத்து வீட்டுப் பெண், விருந்துகளில் ஆடிப்பாடும் கீஷா, விபசார விடுதிக்காரி என்று எங்காவது ஓரிடத்தில் இவர் இருப்பார். போஸ்டரில் முகம் பெரிதாக இருக்காது.

1906இல் ஹிரோஷிமாவில் பிறந்தவர். வளர்த்தது ஒரு மரவியாபாரி குடும்பம். பாடகியாக வேண்டும் என்பதுதான் ஆசை. டோக்கியோ இசைப் பள்ளிக்கு நுழைவுத் தேர்வு எழுதினார், தேறவில்லை. இன்னொரு தடவை எழுதினார், அதிலும் இல்லை. ஊருக்குத் திரும்பி ஒரு பெண்கள் பள்ளியில் இசை சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தபோது, டோக்கியோவிலிருந்து சுகிஜி சிறு அரங்கக் குழுவினர் ஹிரோஷிமாவுக்கு வந்து நாடகம் போட்டார்கள். மேலைநாட்டு நாடகங்களை ஜப்பானுக்குக் கொண்டுவந்து புது நாடகத்துக்கு வழி போட்ட குழு அது. அதைப் பார்த்துவிட்டு 1927இல் வேலையை விட்டுவிட்டு டோக்கியோவுக்கு ரயில் ஏறிவிட்டார். அங்கே போனால் பேச்சுதான் தடை. ஹிரோஷிமா வழக்கு வாயில் அப்படியே ஒட்டிக்கொண்டிருந்தது. டோக்கியோ மேடையில் அந்த இழுப்போடு வசனம் பேச விடமாட்டார்கள். அதனால் அவருக்குக் கிடைத்த முதல் வேடத்தில் வசனமே கிடையாது, ஆர்கன் வாசித்தால் போதும். பாட்டுக்காரியாக ஆசைப்பட்டு நடிகையானவர், பேச வாயில்லாமல் கையால் வாசித்தபடி மேடைக்கு வந்தார் என்பதை நினைத்தால் எனக்கு என்னவோ செய்யும்.

அந்த வழக்கை அவர் வருடக்கணக்காகத் தேய்த்துத் தேய்த்துப் போக்கினார். இப்போது 'டோக்கியோ ஸ்டோரி'க்கு வாருங்கள். வயதான அப்பா அம்மா வருவது ஒனோமிச்சியிலிருந்து. அது ஹிரோஷிமா மாகாணத்துக் கடற்கரை ஊர். அவர்கள் பேச்சில் அந்தப் பக்கத்து இழுப்பு நன்றாகக் கேட்கும். ஷிகே பேசுவது கறாரான, வேகமான டோக்கியோப் பேச்சு. ஹிரோஷிமாவிலிருந்து கிளம்பி வந்து, ஊர் வாடையை உதறிவிட்டு, டோக்கியோவில் தனக்கென்று ஒரு தொழிலை நிறுத்திக்கொண்ட பெண்ணாக நடிக்க, அதையே செய்து முடித்திருந்த ஒருவர். ஓசு இதை நினைத்துத்தான் அவரைப் போட்டாரா என்பது இருக்கட்டும். ஷிகே நடத்தும் அழகு நிலையத்து வாடிக்கையாளர் ஒருத்தி யார் அந்தப் பெரியவர்கள் என்று கேட்கும்போது, ஷிகே தலையைக்கூட முழுதாகத் திருப்பாமல் "தெரிந்தவர்கள், கிராமத்திலிருந்து வந்திருக்கிறார்கள்" என்று சொல்கிறாளே, அதை இந்த வரலாறு தெரிந்து கேட்டால் வேறு மாதிரி கேட்கிறது. பெற்றவர்களை மறைக்கிறாள் என்பது சரி, ஆனால் தன் வாயிலிருந்து தான் கஷ்டப்பட்டு அகற்றிய ஒன்றையும் சேர்த்து மறைக்கிறாள்.

சினிமா அவருக்கு வீடு இல்லை. வீடு என்றால் அது புங்ககுஸா. 1937இல் குனியோ கிஷிதா முதலான எழுத்தாளர்கள் தொடங்கிய நாடகக் குழு. தொடக்கத்திலிருந்தே அதில் இருந்தார், சாகும்வரை இருந்தார். 1945 ஏப்ரலில், டோக்கியோ மேல் குண்டு விழுந்துகொண்டிருந்த நாட்களில், கவோரு மொரிமோட்டோ எழுதிய 'ஒரு பெண்ணின் வாழ்க்கை' நாடகத்தை ஷிபுயாவில் மேடையேற்றினார்கள். போக்கிடம் இல்லாமல் ஒரு வணிகக் குடும்பத்துக்குள் வந்து சேரும் சிறுமி கேய், அந்த வீட்டுக்கே மருமகளாகி, தொழிலைத் தூக்கி நிறுத்தி, கிழவியாவது வரைக்கும் நாற்பது வருடக் கதை. எழுதியவர் மறு வருடமே காசநோயில் போய்விட்டார். சுகிமுரா அந்த வேடத்தை விடவில்லை. 947 தடவை நடித்தார். யாரும் எனக்காகத் தேர்ந்தெடுத்துத் தரவில்லை, நானே தேர்ந்தெடுத்து நடக்க ஆரம்பித்த வழி இது என்று கேய் சொல்லும் ஒரு வசனம் உண்டு, ஜப்பானில் நாடகம் பார்க்காதவர்களுக்குக்கூடத் தெரிந்த வசனம். அதை 947 இரவும் பகலும் ஒருவர் சொல்லியிருக்கிறார் என்றால் அது வசனமாக மட்டும் எப்படி இருந்திருக்கும்.

இதை ஏன் இவ்வளவு விரிவாகச் சொல்கிறேன் என்றால், மேடையில் அவர்தான் கதாநாயகி. டென்னஸி வில்லியம்ஸின் 'எ ஸ்ட்ரீட்கார் நேம்ட் டிசையர்' நாடகத்தின் பிளான்ஷ் அவர்தான், மிஷிமா எழுதிய 'ரொகுமெய்கான்' நாடகத்தின் சீமாட்டி அசாகோ அவர்தான். அங்கிருந்து இறங்கி ஸ்டுடியோவுக்கு வந்து, நாலு காட்சியில் அத்தையாக நடித்துவிட்டு மறுபடி ஒத்திகைக்குப் போய்விடுவார். திரையில் அவர் எந்தப் படத்தில் வந்தாலும் வேறு ஏதோ வேலைக்கு நடுவே வந்தவர் மாதிரியே இருப்பதற்கு இது ஒரு காரணம் என்று நான் நம்புகிறேன். அவர் வரும்போது, வருவதற்கு முன் எங்கோ இருந்திருக்கிறார் என்று தெரியும். போகும்போது, போய்ச் செய்ய வேண்டியது ஒன்று இருக்கிறது என்று தெரியும். சின்ன வேடத்தை நிஜமான ஆளாக்குவது இதுதான் என்று நினைக்கிறேன். எத்தனையோ நல்ல நடிகர்கள் கதாநாயகன் வருவதற்காக அறையில் காத்திருந்தவர்கள் மாதிரித் தெரிவார்கள். இவர் யாருக்காகவும் காத்திருக்கமாட்டார்.

இவருடைய சின்ன வேடத்தின் பலம் என்ன என்பதற்கு ஒரு சாட்சி இருக்கிறது. 1940இல் வந்த 'கொஜிமா நோ ஹரு' என்ற படம், தொழுநோயாளிகளைப் பற்றியது. அதில் சுகிமுராவுக்குச் சிறிய பங்குதான். அப்போது பதின்வயதில் இருந்த ஹிதெகோ தகமினே, குழந்தை நட்சத்திரமாக ஐந்து வயதிலிருந்து நடித்து நடித்துச் சலித்துப்போயிருந்தவர், இதைப் பார்த்துவிட்டுத்தான் நடிப்பை ஒழுங்காகக் கற்க வேண்டும் என்று முடிவெடுத்தேன் என்று பின்னாளில் எழுதியிருக்கிறார். ஜப்பானின் மிகப் பெரிய நடிகைகளில் ஒருவரை உருவாக்கியதில் அந்தச் சிறிய பங்குக்கும் இடமிருக்கிறது. இருவரும் 1956இல் இயக்குநர் மிகியோ நருசேயின் 'ஃப்ளோயிங்' படத்தில் ஒரே கீஷா வீட்டில் வாழ்வார்கள். குடித்துவிட்டு வரும் நடுவயது கீஷா சொமேகாவாக சுகிமுரா, தொழிலுக்குள் வராமல் தள்ளி நிற்கும் வீட்டுப் பெண்ணாக தகமினே. பெண்ணுக்கு ஆண் தேவையில்லை என்றா சொல்கிறாய் என்று சொமேகா போதையில் அந்தப் பெண்மேல் பாயும் காட்சியைப் பார்க்கும்போதெல்லாம், எதிரே நிற்பவர் பதினாறு வருடத்துக்கு முன்பு இவரைத் திரையில் பார்த்து வாயடைத்துப்போனவர் என்பது என் மனதில் ஓடும்.

ஓசுவின் ஒன்பது படங்களில் நடித்தார். நடிகர்கள் கையை எப்போது எடுக்க வேண்டும், எங்கே பார்க்க வேண்டும் என்பதுவரை அளந்து வைத்துத் திரும்பத் திரும்ப எடுப்பவர் ஓசு. பேஸ்பால் பைத்தியம் வேறு. சுகிமுராவைத் தன் நான்காவது பேட்டர் என்று சொல்வாராம். பேஸ்பாலில் முதல் மூன்று பேர் எப்படியாவது தளத்துக்குப் போய் நின்றுவிட வேண்டும், நான்காவதாக வருபவர் ஓங்கி அடித்து அவர்கள் எல்லோரையும் கிளம்பிய இடத்துக்கே கொண்டுவந்து ஓட்டம் சேர்க்க வேண்டும். குணச்சித்திர நடிகரைப் பற்றி ஓர் இயக்குநர் இதைவிடச் சரியாகச் சொல்லி நான் கேட்டதில்லை. 'டோக்கியோ ஸ்டோரி'யின் அப்பா சிஷூ ரியூவும் மருமகள் செட்சுகோ ஹாராவும் அமைதியாக, புன்னகையோடு தளத்தில் நிற்பார்கள். அந்த அமைதி எவ்வளவு பெரியது என்பது இவர் உள்ளே வந்து சளசளவென்று பேசிவிட்டுப் போன பிறகுதான் தெரியும்.

வயதுக் கணக்கைப் பார்த்தால் ஆச்சரியமாக இருக்கும். 'டோக்கியோ ஸ்டோரி' எடுத்த 1953இல் அப்பாவாக நடித்த ரியூவுக்கு 49 வயது. மகளாக நடித்த சுகிமுராவுக்கு 47. நான்கு வருடம் முன்பு 'லேட் ஸ்பிரிங்' படத்தில் இதே ரியூவுக்குத் தங்கையாக வந்தார், அதுவாவது பொருந்துகிறது. 1962இல் 'ஆன் ஆட்டம் ஆஃப்டர்நூன்' படத்தில் இவருக்கு அப்பாவாக நடித்த எய்ஜிரோ டோனோ இவரைவிட ஒரு வயது இளையவர்! படம் பார்க்கும்போது இது துளிக்கூடத் தோன்றாது. நூடுல்ஸ் கடை வைத்துப் பிழைக்கும் கிழட்டு ஆசிரியரின் கல்யாணமாகாத மகள். அப்பாவைப் பழைய மாணவர்கள் குடிக்க வைத்து வீட்டில் கொண்டுவந்து விடுகிறார்கள். வந்தவர்கள் முன்னால் முகத்தை இறுக்கமாக வைத்துக்கொண்டு பேசுகிறாள். அவர்கள் போனதும் உட்கார்ந்து, முகத்தை மூடிக்கொண்டு அழுகிறாள். இவ்வளவுதான் அவருக்குப் படத்தில் இடம். ஆனால் மகளைத் தன் வசதிக்காக வீட்டிலேயே வைத்துக்கொண்டால் என்ன ஆகும் என்று கதாநாயகனுக்கும் நமக்கும் புரிவது அந்த அழுகையால்தான், மீதிப் படம் முழுக்க அதன் மேல்தான் நடக்கிறது.

ஷிகேயின் கைகளைப் பற்றிச் சொல்லாமல் விட முடியாது. படத்தை ஒலியில்லாமல் ஓடவிட்டு அவர் கைகளை மட்டும் பார்த்திருக்கிறேன். சும்மாவே இருக்காது. கணவன் மாமனார் மாமியாருக்கென்று கேக் வாங்கி வருவான். இவ்வளவு விலையில் எதற்கு, அவர்களுக்கு அரிசி பிஸ்கட்டே போதும் என்று சொல்லிக்கொண்டே அதில் ஒன்றை எடுத்துத் தன் வாயில் போட்டுக்கொள்வாள். கருமித்தனம் என்று முதலில் தோன்றியது. இப்போது பார்த்தால், நாள் முழுக்க நின்று வேலை செய்த ஒருத்தி பசியில் எடுத்துச் சாப்பிடுவது மாதிரியும் இருக்கிறது. அம்மா அப்போதே பருமன், பள்ளிக்கூட நிகழ்ச்சிக்கு வந்தபோது நாற்காலி உடைந்துவிட்டது, எனக்கு மானம் போய்விட்டது என்று அம்மா முன்னாலேயே சொல்லிச் சிரிப்பாள். அந்தச் சிரிப்பில் உண்மையான பிரியம் இருக்கிறது, கூர்ந்து கேட்டால் கேட்கும். பெற்றோரை அதாமி வெந்நீர் ஊற்று விடுதிக்கு அனுப்பிவிடலாம் என்று அண்ணனிடம் யோசனை சொல்வதும் இவள்தான். அவர்கள் அங்கே தூங்க முடியாமல் மறுநாளே திரும்பிவிட்டால், இன்று ராத்திரி இங்கே அழகுக்கலைக்காரர்கள் கூட்டம் இருக்கிறதே என்று பதறுவாள். அது பொய் இல்லை. கூட்டம் நிஜமாகவே இருக்கிறது. அம்மா கவலைக்கிடம் என்று தந்தி வந்ததும், துக்க உடையை எடுத்துக்கொள்வோமா என்று அண்ணனைக் கேட்பாள், தேவைப்படாமல் போனால் நல்லதுதானே என்பாள். மருமகள் நொரிகோ கொண்டுவரவில்லை. நம் மனம் உடனே நொரிகோ பக்கம் சாயும். ஆனால் யாராவது ஒருவர் கறுப்பு உடையை எடுத்து வைத்தாக வேண்டும், எல்லா வீட்டிலும் அப்படி ஒருவர் இருக்கிறார், அவரை யாரும் மெச்சுவதில்லை.

அவருக்குக் கடுகடுப்புதான் வரும் என்று நினைத்துவிட வேண்டாம். 1951இல் வந்த 'எர்லி சம்மர்' படத்தில் பக்கத்து வீட்டு அம்மா. மகன் மனைவியை இழந்தவன், கையில் ஒரு குழந்தை. ஒரு ராத்திரி படத்தின் நாயகி (இவள் பெயரும் நொரிகோதான், ஆனால் வேறு பெண்) வந்திருக்கும்போது, கோபித்துக்கொள்ளாதே, நீ என் மகனுக்கு மனைவியாக வந்தால் எப்படி இருக்கும் என்று எத்தனையோ நாள் நினைத்திருக்கிறேன், கனவுதான் என்று மெல்லச் சொல்வார். என்னை மாதிரி வயதேறிய பெண் பரவாயில்லையா என்று நொரிகோ கேட்பாள். அந்த அம்மாவின் முகத்தைப் பார்க்க வேண்டும். நிஜமா, நிஜமாகவா என்று திரும்பத் திரும்பக் கேட்டு, அழுது, நன்றி சொல்லி, எதையும் வாய்விட்டுக் கேட்டுப் பார்க்கத்தான் வேண்டும், நான் வாயாடியாக இருந்தது நல்லதாய்ப் போயிற்று என்று தன்னைத்தானே தட்டிக்கொடுத்து, கடைசியில் அந்தச் சந்தோஷத்தில் என்ன செய்வது என்று தெரியாமல், அன்பான் சாப்பிடுகிறாயா என்று கேட்பார். உள்ளே பயறு விழுது வைத்த பன் அது. எதையாவது கொடுத்தாக வேண்டும் என்று கை தவிக்கும்போது வீட்டில் இருப்பது பன்தான். எத்தனை தடவை பார்த்தாலும் இந்த இடத்தில் எனக்குக் கண் கலங்கிவிடும்.

நருசே 1954இல் 'லேட் கிரிசான்தமம்ஸ்' படத்தில் இவரையே நாயகியாகப் போட்டார். வட்டிக்கு விட்டுப் பிழைக்கும் முன்னாள் கீஷா. பழைய காதலன் வருகிறான் என்று முகத்தைச் சீர்செய்து காத்திருப்பாள். வந்தவன் கடன் கேட்பான். அவன் போட்டோவைத் தீக்குச்சி கிழித்துக் கொளுத்திவிட்டுத் தன் வேலையைப் பார்க்கப் போய்விடுவாள். அடுத்து குரோசவாவின் 'ரெட் பியர்ட்', 1965. விபசார விடுதி நடத்துபவர். தப்பிப்போன சிறுமியைத் திரும்பக் கொண்டுபோக வைத்தியசாலைக்கு வருவார், அங்கே சமையல் வேலை செய்யும் பெண்கள் முள்ளங்கியால் அடித்தே விரட்டுவார்கள். அப்போது அவருக்கு 59 வயது. தன் நாட்டு மேடையின் முதல் நடிகை, அந்த முள்ளங்கி அடியை வாங்கிக்கொண்டு ஓடுவதில் ஒரு குறையும் வைத்திருக்கமாட்டார்.

மேடையில் அவருக்கு எல்லாம் சுமுகமாக இருந்துவிடவில்லை. 1963 ஜனவரியில் குழுவின் இளம் நடிகர்களும் இயக்குநர்களுமாக 29 பேர் ஒரே நேரத்தில் வெளியேறிப் புதுக் குழு ஆரம்பித்தார்கள். அதே வருடக் கடைசியில் மிஷிமாவின் 'யொரொகொபி நோ கொட்டோ' நாடகத்தை அதன் அரசியல் காரணமாக நடிக்க முடியாது என்று இவர் தரப்பு நின்றதில் மிஷிமாவும் போய்விட்டார், கூடவே இன்னும் சிலரும். தனக்காக எழுதிய ஆசிரியரை இழந்து, பாதி வெறுமையான குழுவை வைத்துக்கொண்டு இவர் தொடர்ந்து நடித்தார். 1995இல் அரசு கலாசார விருதைக் கொடுக்க முன்வந்தது, அந்த நாட்டில் ஒரு கலைஞருக்குக் கிடைக்கக்கூடிய மிகப் பெரிய மரியாதை. வேண்டாம் என்றுவிட்டார். பதக்கத்தைச் சுமந்துகொண்டு மேடையேற விருப்பமில்லை, இன்னும் நடிக்கத்தான் ஆசை என்பது அவர் சொன்ன காரணம்.

அதே வருடம் கனெட்டோ ஷிண்டோவின் 'எ லாஸ்ட் நோட்' வெளிவந்தது. கோடையைக் கழிக்க மலைவீட்டுக்கு வரும் வயதான நாடக நடிகையாக சுகிமுரா, அந்த வீட்டைப் பார்த்துக்கொள்ளும் பெண்ணாக இயக்குநரின் மனைவி நொபுகோ ஒட்டோவா. படப்பிடிப்பின்போதே ஒட்டோவா நோய் முற்றியிருந்தவர், படம் வெளிவருவதற்கு முன் 1994 டிசம்பரில் இறந்துவிட்டார். எண்பதைத் தாண்டிய சுகிமுரா இந்தப் படத்தில் நடு நாயகமாக இருக்கிறார். ஆனாலும் எனக்கு அதில் பிடித்தது, எதிரே இருப்பவர் பேசும்போது இவர் கேட்டுக்கொண்டிருக்கும் இடங்கள்தான். பல வருடம் அடுத்தவர் காட்சியில் நின்று பழகியவருக்குக் கேட்கத் தெரிந்திருந்தது. 1997 ஏப்ரல் 4ஆம் தேதி கணையப் புற்றுநோயால் காலமானார்.

'லேட் ஸ்பிரிங்' படத்தில் அவர் அத்தை மாசா. அண்ணன் மகளுக்கு மாப்பிள்ளை பார்ப்பதுதான் அவருக்கு வேலை. கமகுராவில் கோயில் வளாகத்தில் நடக்கும்போது தரையில் யாரோ தவறவிட்ட சில்லறைப் பர்ஸ் கிடக்கும். எடுத்துக்கொள்வார், சகுனம் நன்றாக இருக்கிறது, இந்தச் சம்பந்தம் அமைந்துவிடும் என்பார். போலீஸில் கொடுத்துவிடு என்று அண்ணன் சொல்ல, கொடுப்பேன் கொடுப்பேன் என்றபடி கிமோனோவுக்குள் செருகிக்கொள்வார். எதிரே ஒரு போலீஸ்காரர் வருவதைப் பார்த்ததும் படியில் விறுவிறுவென்று ஏறிவிடுவார்.

சம்பந்தம் அமைந்துவிடுகிறது. கல்யாண நாள். மாடியறையில் மணப்பெண் அலங்காரத்தோடு அப்பாவிடம் விடைபெற்றுக் கீழே போகிறாள், அப்பாவும் போகிறார். மாசா பையை எடுத்துக்கொண்டு வாசல் வரை வந்துவிட்டார். அங்கிருந்து திரும்பி, அறையை ஒரு சுற்றுச் சுற்றி வருகிறார். எதையாவது விட்டுவிட்டோமா என்று பார்ப்பது மாதிரி, ஓட்டமும் நடையுமாக, ஒரே ஒரு சுற்று. ஒன்றும் விடவில்லை. வெளியே போய்விடுகிறார். அறையில் கண்ணாடியும் அதன் முன்னால் ஸ்டூலும் இருக்கின்றன.